நீலியின் கண்ணீர்



கேமரன் மலையில் மாலை மங்கத் தொடங்கியதும் பனிமூட்டம் இறங்கிவிடும். கியா பார்ம் 5,000 அடிக்கு மேல் உள்ள இடம். எதிர்ச்சரிவில் பச்சையாகத் தெரிந்த தேயிலைச் செடிகள் நிரை நிரையாக மறையும். பாதையோரத்து மரங்கள் ஆள் நிற்பதுபோல் தோன்றும். அந்த நேரத்தில் லயத்து வீட்டில் விளக்கு ஏற்றியதும், பிள்ளைகள் பாட்டியைச் சுற்றி உட்கார்ந்து கேட்பது ஒன்றுதான்: "பாட்டி, பேய்க்கதை சொல்லுங்க!"

பாட்டியிடம் கேட்கும் கதைகளோடு இன்று வேறு கதைகளும் வந்து சேர்ந்துவிட்டன. தொலைக்காட்சியிலும் கைப்பேசியிலும் பிள்ளைகள் இரத்தக் காட்டேரியின் காதல் கதைகளைப் பார்க்கிறார்கள். கறுப்பு அங்கி அணிந்த அழகிய இளைஞன் ஒருவன். அவனுக்குக் கூரிய பற்கள். அவனை நம்பிக் காதலிக்கும் ஒரு பெண். பிறகு ஒரு துரோகம். அதன் பிறகு இரத்தம். "இது வெள்ளைக்காரன் கதை, நமக்கும் இதற்கும் என்ன சம்பந்தம்?" என்று பெரியவர்கள் சிலர் சலித்துக்கொள்கிறார்கள். சம்பந்தம் இருக்கிறது, நேயர்களே. காதல், துரோகம், அதிகாரம் என்ற மூன்றும் சேர்ந்த இரத்தக் காட்டேரிக் கதை தமிழில் ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக இருக்கிறது. நாம் குடியேறி வாழும் இந்த நாட்டிலும் அதற்கு ஒரு சகோதரி இருக்கிறாள். அவர்களுடைய வரலாற்றை இன்று காண்போம்.

முதலில் மேலைநாட்டுக் கதை எப்படிப் பிறந்தது என்று பார்ப்போம். அதற்கு வித்திட்டது நம் பக்கத்து இந்தோனேசியாவில் உள்ள ஓர் எரிமலை. 1815 ஏப்ரலில் சும்பாவா தீவின் தம்போரா எரிமலை வெடித்தது. மனிதன் பதிந்துவைத்த வரலாற்றில் அதைவிடப் பெரிய வெடிப்பு இல்லை என்பர். அதன் சத்தம் சுமத்திரா வரை கேட்டது. வானில் பரவிய தூசும் புகையும் சூரிய வெப்பத்தை மறைத்ததால், 1816ஆம் ஆண்டில் ஐரோப்பாவுக்குக் கோடைக்காலமே வரவில்லை. சுவிட்சர்லாந்தின் ஜெனீவா ஏரிக்கரையில் தங்கியிருந்த ஆங்கிலக் கவிஞர் பைரனும் அவருடைய நண்பர்களும் மழையினால் வெளியே போக முடியாமல் வீட்டுக்குள்ளேயே அடைபட்டார்கள். பொழுதுபோக்க ஆளுக்கு ஒரு பேய்க்கதை எழுதுவோம் என்று பேசிக்கொண்டார்கள். அந்தக் கூட்டத்தில் இருந்த பொலிடோரி என்ற இளம் மருத்துவர் எழுதிய காட்டேரிக் கதை 1819இல் வெளிவந்தது. அதுவே ஆங்கிலத்தில் வந்த முதல் காட்டேரிக் கதை எனலாம்.

அந்தக் கதையில் வரும் காட்டேரி ஒரு பிரபு. செல்வம், செல்வாக்கு, இனிய பேச்சு எல்லாம் உடையவன். தன் நண்பனிடம், "என்னைப் பற்றி ஓராண்டுக்கு யாரிடமும் சொல்லாதே" என்று சத்தியம் வாங்கிக்கொள்கிறான். பிறகு அந்த நண்பனின் தங்கையையே மணக்கிறான். கொடுத்த சத்தியத்தால் அண்ணன் வாய்திறக்க முடியாமல் தவிக்கிறான். தங்கை உயிரிழக்கிறாள். 1897இல் பிராம் ஸ்டோக்கர் எழுதிப் புகழ்பெற்ற "டிராகுலா" கதையிலும் காட்டேரி ஒரு கோட்டைக்குச் சொந்தக்காரனே. ஏழை எளியவர்களின் உயிரை உறிஞ்சி வாழும் பெரிய மனிதன் என்ற எண்ணம் இந்தக் கதைகளுக்குள் இருக்கிறது. கார்ல் மார்க்சும் 1867இல் வெளிவந்த "மூலதனம்" நூலில், உழைப்பவனின் உழைப்பை உறிஞ்சிக் கொழுக்கும் முதலுக்கு இந்தக் காட்டேரியையே உவமை காட்டினார். தேயிலைக் காட்டில் அட்டைக் கடியோடு வேலை செய்தவர்களுக்கு அந்த உவமையை விளக்கவேண்டியதில்லை.

மேலைநாட்டுக் கதையில் இரத்தம் குடிப்பவன் அதிகாரம் உள்ளவன். நம் கதையிலோ அதிகாரம் ஒருவரிடம் இருக்கிறது. இரத்தம் குடிப்பவள் இன்னொருத்தி. அவள்தான் பழையனூர் நீலி.

சென்னையிலிருந்து அரக்கோணம் செல்லும் ரயில் பாதையில், திருவள்ளூருக்கு அப்பால் திருவாலங்காடு என்ற ஊர் இருக்கிறது. நடராசப் பெருமான் ஆடிய ஐந்து சபைகளில் ஒன்றான இரத்தினசபை உள்ள தலம் அது. அதை அடுத்த சிற்றூர் பழையனூர். நீலியின் கதை நிகழ்ந்த இடமாக மரபு இந்த ஊரையே காட்டுகிறது. தென்கோடியில் நாஞ்சில் நாட்டார் இதே கதையைத் தங்கள் பக்கத்தில் நடந்ததாக வில்லுப்பாட்டில் பாடுகிறார்கள். பாடத்துக்குப் பாடம் பெயர்களும் நிகழ்ச்சிகளும் மாறும். ஆனால் கதையின் எலும்பு மாறுவதில்லை.

வடபகுதிப் பாடத்தில், மனைவி உள்ள ஓர் அந்தணன் காசிக்குப் போகிறான். அங்கே அதை மறைத்து இன்னொரு பெண்ணை மணக்கிறான். அவளோடு ஊர் திரும்பும்போது, முதல் மனைவிக்கு என்ன பதில் சொல்வது என்ற பயம் அவனைப் பிடித்துக்கொள்கிறது. ஆலங்காட்டுக்கு வந்ததும், தன்னை நம்பிப் பல நூறு கல் தொலைவு நடந்து வந்த பெண்ணைக் கொன்றுவிடுகிறான். தென்பகுதிப் பாடத்தில் அவன் ஒரு கோயில் பூசாரி. அவள் ஆடல் மகள். அவள் வீட்டில் பொருளையெல்லாம் இழந்த அவனை அவளுடைய தாய் விரட்டிவிடுகிறாள். அவன்மேல் அன்பு வைத்த மகளோ தாயை விட்டு அவன் பின்னால் போகிறாள். நடந்த களைப்பில் அவன் மடியில் தலைவைத்து, ஒரு கள்ளிச் செடியின் அருகில் உறங்குகிறாள். அவன் அவளுடைய நகைகளைப் பார்க்கிறான். மெல்லத் தலையை இறக்கிவைத்துவிட்டுக் கல்லைத் தூக்கி அவள் தலையில் போட்டுக் கொல்கிறான். அந்தக் காட்டில் வேறு யாரும் இல்லை. உயிர் போகும்போது அவள் கள்ளியைத்தான் சாட்சியாகக் கூப்பிட்டாள் என்று பாடுவார்கள்.

அடுத்த பிறவியில் அவன் வணிகனாகப் பிறக்கிறான். அவள் நீலி என்னும் பேயாகக் காத்திருக்கிறாள். ஒரு பெண்பேயால் அவனுக்கு ஆபத்து உண்டு என்று சோதிடர்கள் சொல்லியிருப்பதால், எந்நேரமும் கையில் ஒரு மந்திர வாள் வைத்திருக்கிறான். வாள் இருக்கும்வரை நீலியால் அவனை நெருங்க முடியாது. ஒருநாள் அவன் வணிகத்துக்காகப் பழையனூர்ப் பக்கம் வருகிறான். நீலி அழகிய பெண்ணாக உருவெடுக்கிறாள். கள்ளிக் கொம்பு ஒன்றை ஒடித்துக் குழந்தையாக்கி இடுப்பில் வைத்துக்கொள்கிறாள். முன்பிறவியில் தன் கொலைக்குச் சாட்சியாக நின்ற அதே கள்ளிதான் இப்போது அவள் பிள்ளை.

அவன் ஓடுகிறான். அவள் அழுதுகொண்டே துரத்துகிறாள். பழையனூரின் 70 வேளாளர்கள் கூடியிருந்த சபையில் போய் முறையிடுகிறாள்: "இவர் என் கணவர். என்னையும் பிள்ளையையும் விட்டுவிட்டு ஓடுகிறார்." அவன், "இவள் பெண் அல்லள், பேய். என்னைக் கொல்ல வந்திருக்கிறாள்" என்று கதறுகிறான். சபையார் குழந்தையை இறக்கிவிடச் சொல்கிறார்கள். அது நேரே அவனிடம் போய் ஒட்டிக்கொள்கிறது. அதற்குமேல் என்ன சாட்சி வேண்டும்? "இன்றிரவு மனைவியோடு தங்கு. வாளை எங்களிடம் கொடு. உனக்கு உயிருக்கு ஆபத்து வந்தால் நாங்கள் 70 பேரும் உயிர் கொடுக்கிறோம்" என்று வாக்களித்து, வாளை வாங்கிக்கொண்டு, இருவரையும் ஒரே வீட்டில் விட்டுக் கதவைச் சாத்துகிறார்கள்.

பொழுது விடிந்தது. வணிகன் வயிறு கிழிந்து கிடந்தான். அவளையும் காணோம், குழந்தையையும் காணோம். 70 வேளாளர்களும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். சாக்குப்போக்குச் சொல்லவில்லை. தீ மூட்டி அதில் இறங்கி, சொன்ன சொல்லைக் காத்தார்கள்.

இது வெறும் பாட்டி கதையா, பழைய சான்று ஏதும் உண்டா என்று கேட்பீர்கள். நடந்ததற்கு ஆதாரம் கல்லில் இல்லை. ஆனால் கதை மிகப் பழையது என்பதற்கு ஆதாரம் உண்டு. 7ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த திருஞானசம்பந்தர் தம் திருவாலங்காட்டுப் பதிகத்தில், வஞ்சனை செய்து உயிர்கொண்ட ஒருத்தியைக் குறிப்பிடுகிறார். 12ஆம் நூற்றாண்டில் சேக்கிழார், பெரியபுராணத்தில் தொண்டை நாட்டின் பெருமையைச் சொல்லுமிடத்தில், பேயிடம் ஏமாந்தும் வாக்குத் தவறாத பழையனூர் வேளாளரைப் போற்றுகிறார். அவர்கள் தீப்பாய்ந்த இடத்தை அந்தப் பகுதியில் இன்றும் காட்டுகிறார்கள்.

இவற்றையெல்லாம்விடப் பெரிய நினைவுச்சின்னம் ஒன்று நம் வாயிலேயே இருக்கிறது. பொய்யாக அழுபவளைப் பார்த்து, "நீலிக் கண்ணீர் வடிக்காதே" என்கிறோமே, அதுதான். அந்த நீலி இவளே. கதையை முழுவதும் அறியாதவர்கள்கூட அந்தத் தொடரை அறிவார்கள். இங்கேதான் ஒரு கணம் நின்று யோசிக்கவேண்டும். நீலியின் கண்ணீர் உண்மையில் பொய்க் கண்ணீர்தானா?

அவள் சபையில் என்ன சொன்னாள்? "இவர் என் கணவர், என்னைக் கைவிட்டார்" என்றாள். அந்தப் பிறவியில் அது பொய். முந்திய பிறவியிலோ அது முழு உண்மை. உண்மை அதைவிடக் கொடியது: அவன் அவளைக் கைவிட்டது மட்டுமல்ல, கொன்றான். கொலையுண்ட அன்று முறையிட அவளுக்கு எந்தச் சபையும் இல்லை. சாட்சி சொல்ல ஒரு கள்ளிச் செடிதான் இருந்தது. கொலை செய்தவனுக்கு அப்போது தண்டனையும் இல்லை. சபை கூடியபோது அவள் பேயாகிவிட்டாள்; அவளால் நியாயம் கேட்க முடியவில்லை, பழிவாங்கத்தான் முடிந்தது. அதனால் குற்றமற்ற 70 பேரும் அழிந்தார்கள். இதனால் நீலி செய்தது சரியென்று ஆகாது. ஆனால் இந்தக் கதையில் முதலில் சிந்திய இரத்தம் யாருடையது என்பதைப் பழமொழி மறந்துவிட்டது. கதை மறக்கவில்லை.

சபையாரையும் பாருங்கள். அதிகாரம் அவர்கள் கையில் இருந்தது. ஒரு பெண்ணின் அழுகையையும் ஒரு குழந்தையின் ஓட்டத்தையும் கண்டு அவசரமாகத் தீர்ப்புச் சொன்னார்கள். அவன் ஏன் இப்படி நடுங்குகிறான் என்று ஆராயவில்லை. அது அவர்கள் பிழை. ஆனால் தங்கள் தீர்ப்புக்குத் தங்கள் உயிரையே பிணை வைத்தார்கள். பிழை தெரிந்தபோது பிணையைச் செலுத்தினார்கள். பிறருக்குத் தீர்ப்புச் சொல்லும் எத்தனை பேர் அப்படிச் செய்கிறார்கள்? அதனால்தான் ஏமாந்தவர்களையும் சேக்கிழார் பெரியவர்களாகப் பாடினார்.

நேயர்களே, ஒரு நல்ல கதைக்கு மக்கள் ஒரே முடிவோடு திருப்தி அடைவதில்லை. நீலிக்கும் தமிழர்கள் வேறு முடிவுகள் கண்டார்கள்.

நாகர்கோவில் பக்கம் கள்ளியங்காடு என்ற இடத்து நீலி, இசக்கி அம்மனாக வழிபடப்படுகிறாள். இயக்கி என்ற சொல்லே இசக்கி ஆயிற்று என்பர். கையில் குழந்தையோடு நிற்கும் இசக்கியிடம் பிள்ளை வரம் கேட்டும், பேறுகாலத்தில் காப்பு வேண்டியும் பெண்கள் சேலையும் மண்பொம்மையும் காணிக்கை செலுத்துகிறார்கள். கொலையுண்ட பெண்ணின் கோபத்தை ஊரார் மறைக்கவில்லை. அதற்கு ஒரு கோயில் கட்டி, "தாயே, எங்களைக் காப்பாற்று" என்று கேட்டார்கள். நம் தோட்டக் கோயில்களில் பேச்சியம்மனையும் காட்டேரியம்மனையும் வணங்குவோர் இதை எளிதில் புரிந்துகொள்வார்கள்.

சமணப் புலவர் ஒருவர் இன்னும் வியப்பான முடிவைக் கண்டார். ஐஞ்சிறு காப்பியங்களில் ஒன்றான "நீலகேசி"யின் தலைவி இதே பழையனூர்ப் பேய்தான். காளிக்குப் பலியிடுவதைத் தடுத்த முனிச்சந்திரர் என்னும் துறவியைக் கெடுக்க அவள் வருகிறாள். பயமுறுத்திப் பார்க்கிறாள், அழகிய இளவரசியாக வந்து மயக்கிப் பார்க்கிறாள். அவர் அசையவில்லை, அவளை வெறுக்கவும் இல்லை. எவ்வுயிரையும் கொல்லாமை என்னும் அறத்தை அவளுக்கு எடுத்துச் சொல்கிறார். இரத்தம் குடித்த நீலி அறிஞையாகிறாள். ஊர் ஊராகச் சென்று பல சமயத்தாரோடு வாதிட்டு வெல்கிறாள். அவள் முதலில் வெல்வது குண்டலகேசியை. அந்தக் குண்டலகேசி யார்? கொலைத் தண்டனை பெற்ற கள்வன் ஒருவன்மேல் காதல்கொண்டு, அவனை மீட்டு மணந்தவள். அவனோ அவளை மலையுச்சிக்கு அழைத்துப்போய்த் தள்ளிக் கொல்லப் பார்த்தான். முந்திக்கொண்டு அவனைத் தள்ளிவிட்டுப் பௌத்தத் துறவியானவள் அவள். காதலனால் வஞ்சிக்கப்பட்ட இரண்டு பெண்கள், ஒரு சபையின் நடுவே நின்று தத்துவம் பேசுகிறார்கள். தமிழ் இலக்கியத்தில் இப்படியும் ஒரு காட்சி உண்டு.

அதே திருவாலங்காட்டில் இன்னொரு பேயும் இருந்தார்: காரைக்கால் அம்மையார். மனைவியின் தெய்வத் தன்மையைக் கண்டு அஞ்சிய கணவன் பரமதத்தன், அவரை விட்டுப் போய் வேறு ஊரில் வேறு பெண்ணை மணந்துகொண்டான். அம்மையார் அவனைத் துரத்தவில்லை. "இவனுக்காகத் தாங்கிய இந்த அழகு இனி எதற்கு?" என்று அதை உதறி, பேய் வடிவத்தை வேண்டிப் பெற்றார். தலையால் நடந்து கயிலை சென்றார். பிறகு ஆலங்காட்டில் இறைவன் திருவடியின் கீழ் இருந்து பாடினார். கைவிடப்பட்ட ஒரு பெண் பேயாகிப் பழிவாங்கிய காட்டிலேயே, கைவிடப்பட்ட இன்னொரு பெண் பேயாகிக் கவிஞரானார். பெண்களின் துயரம் ஒன்றேபோல் இருந்தாலும் அவர்கள் செல்லும் வழி ஒன்றல்ல.

இனி நம் மலாயாவுக்கு வருவோம். மலாய் மக்கள் சொல்லும் பொந்தியானாக்கை அறியாதவர் இங்கே யார்? பேறுகாலத்தில் இறந்த பெண் இரத்தம் குடிக்கும் பேயாகிறாள் என்பது நம்பிக்கை. பெருநாட்டின் மலாய் நம்பிக்கைகளைத் திரட்டி 1900இல் நூலாக வெளியிட்ட ஸ்கீட் என்ற ஆங்கில அதிகாரி, தாயை லங்சுயிர் என்றும், இறந்து பிறந்த குழந்தையைப் பொந்தியானாக் என்றும் பிரித்து எழுதியிருக்கிறார். இன்று இரண்டும் கலந்து பொந்தியானாக் என்றே வழங்குகிறது. போர்னியோவில் 1771இல் உருவான ஒரு நகரத்துக்கே பொந்தியானாக் என்று பெயர். அங்கே இருந்த இந்தப் பேய்களைப் பீரங்கி சுட்டு விரட்டிய பிறகே அரசர் ஊர் அமைத்தார் என்று அங்கே சொல்வார்கள்.

ஸ்கீட் எழுதிவைத்த ஒரு செய்தி நம் கவனத்துக்குரியது. லங்சுயிரைப் பிடித்து, அவளுடைய நீண்ட நகத்தையும் கூந்தலையும் வெட்டி, கழுத்தில் உள்ள துளையில் அடைத்துவிட்டால், அவள் சாதாரணப் பெண்ணாகிவிடுவாள். மணம் செய்துகொள்வாள், பிள்ளை பெறுவாள், ஆண்டுக்கணக்கில் குடும்பம் நடத்துவாள். ஆனால் ஊர்த் திருவிழாவில் அவளை ஆடவிட்டால் போதும். பழைய உருவம் திரும்பி, காட்டுக்குப் பறந்துபோவாள். பிற்காலக் கதைகளில் கழுத்துத் துளையில் ஓர் ஆணி அடிப்பதாகச் சொல்வார்கள்.

இந்த ஆணியைக் கேரளத்தாரும் அறிவார்கள். கொட்டாரத்தில் சங்குண்ணி 1909 முதல் வெளியிட்ட "ஐதிகமாலை" என்ற மலையாளக் கதைத் திரட்டில், கடமற்றத்துக் கத்தனார் என்ற மந்திரவாதப் பாதிரியார் கதை வருகிறது. வழிப்போக்கர்களை மயக்கி இரத்தம் குடித்த ஒரு யட்சியின் தலையில் அவர் ஆணி அடிக்கிறார். உடனே அவள் வீட்டுவேலை செய்யும் அடக்கமான பெண்ணாகிவிடுகிறாள். ஒருநாள் அந்த வீட்டுப் பெண்மணி அவளுக்குத் தலை வாரிவிடும்போது ஆணி கையில் தட்டுப்படுகிறது. "ஐயோ பாவம்" என்று பிடுங்கிவிடுகிறாள். யட்சி மறைந்துபோகிறாள்.

கடல் கடந்த இரண்டு நாடுகளில் எப்படி ஒரே மாதிரியான கதை வந்தது என்று திட்டமாகச் சொல்வதற்கில்லை. ஆனால் இரண்டு நாட்டுக் கதையும் ஒன்றையே சொல்கின்றன. கோபம் உள்ள பெண்ணுக்கு என்ன நேர்ந்தது என்று யாரும் கேட்கவில்லை. ஓர் ஆணியை அடித்து அவளை நல்ல மனைவியாக்கிக்கொண்டார்கள். ஆணியைப் பிடுங்கியவள் அவள் தலையைத் தொட்டுப் பார்த்த இன்னொரு பெண்.

இந்தப் பேய் நம்பிக்கைகளை அந்தக் காலத்திலேயே கண்டித்தவர் ஒருவர் உண்டு. மலாய் உரைநடைக்குப் புதுவழி காட்டிய முன்ஷி அப்துல்லா மலாக்காவில் 1796இல் பிறந்தவர். இளமையில் தமிழும் படித்தவர். 1849இல் அச்சான தம் வாழ்க்கை வரலாற்றில் பொந்தியானாக், பெனாங்கலான் முதலிய பேய்களைப் பற்றி விவரித்து, அவற்றை அறியாமை என்று தள்ளினார்.

நம்பிக்கை தேய்ந்தாலும் கதை தேயவில்லை. 1957 ஏப்ரலில், மெர்டேக்காவுக்குச் சில மாதங்களுக்கு முன், "பொந்தியானாக்" என்ற மலாய்த் திரைப்படம் சிங்கப்பூரில் வெளிவந்தது. இயக்கியவர் பி. என். ராவ். கேரளத்துக்காரரான இவர் அதற்கு முன் தமிழில் "மதனகாமராஜன்", "சாலிவாகனன்" போன்ற படங்களை இயக்கியவர். நாயகியாக நடித்தவர் மரியா மெனாடோ. கூன் விழுந்து, ஊரார் வெறுக்கும் தோற்றமுள்ள ஒரு பெண், ஒரு மருந்தினால் பேரழகியாகிறாள். இரத்தத்தைச் சுவைக்கக் கூடாது என்பது நிபந்தனை. மணமாகி நலமாக வாழும்போது கணவனைப் பாம்பு கடிக்கிறது. விஷத்தை உறிஞ்சி எடுத்து உயிரைக் காப்பாற்றும்படி அவன் கெஞ்சுகிறான். அவள் உறிஞ்சுகிறாள். கணவன்மேல் வைத்த அன்பினாலேயே பேயாகிறாள்.

படம் பல வாரங்கள் கூட்டத்தோடு ஓடியது. சீன மொழியிலும் குரல் மாற்றிக் காட்டினார்கள். அடுத்தடுத்துத் தொடர்ப் படங்களும் வந்தன. மரியா மெனாடோ பிற்பாடு நம் பகாங் மாநிலத்தின் சுல்தான் அபூ பக்கரை மணந்து திரையுலகை விட்டு விலகினார். மலாய்க் கதை, சீன முதலாளிகளின் படநிறுவனம், இந்திய இயக்குநர், இந்தோனேசியாவில் பிறந்த நாயகி, எல்லா இனத்து இரசிகர்கள். புதிதாகப் பிறக்கவிருந்த நாட்டின் மக்கள் அனைவரும் ஒரே கொட்டகையில் உட்கார்ந்து ஒரே பேய்க்குப் பயந்தார்கள்!

இனிமேல் நாம் கேட்கவேண்டிய கேள்வி இது: மலாய் மக்களின் கொடிய பேய் ஏன் பேறுகாலத்தில் இறந்த பெண்ணாக இருக்கிறாள்? இசக்கியிடமும் பேச்சியிடமும் ஏன் பேறுகாலக் காப்பைக் கேட்கிறோம்? ஏனெனில் அந்த மரணம் அவ்வளவு அடிக்கடி நிகழ்ந்தது. மருத்துவமனை எட்டாத கம்பத்திலும் தோட்டத்திலும், நடுஇரவில் வலி கண்டு, இரத்தப் பெருக்கு நிற்காமல் போன தாய்மார் எத்தனையோ பேர். பச்சைப் பிள்ளையை விட்டுப் போனவள் அமைதியாகப் போயிருக்கமாட்டாள் என்று உயிரோடிருந்தவர்களின் மனம் உறுத்தியது. அந்த உறுத்தல்தான் பேயாக உருவெடுத்தது. விடுதலைக்குப் பின் கிராமப்புறச் சுகாதார நிலையங்களும், பயிற்சி பெற்ற மருத்துவச்சிகளும் வந்தபோது இந்த மரணங்கள் பெரிதும் குறைந்தன. பொந்தியானாக்கை விரட்டியது பீரங்கியும் அல்ல, ஆணியும் அல்ல, தாதியின் கைப்பை.

அதுபோலவே நீலியை விரட்டுவதற்கும் வழி உண்டு. வீட்டில் அடிபட்டும் மிதிபட்டும் கிடக்கும் பெண் முறையிட இடமில்லாமல் இருக்கும்வரை நீலி பிறந்துகொண்டே இருப்பாள். இன்று முறையிட இடம் இருக்கிறது. மலேசியாவில் குடும்ப வன்முறைச் சட்டம் 1994இல் இயற்றப்பட்டது. அடிபட்ட பெண் காவல்நிலையத்தில் புகார் செய்யலாம். நீதிமன்றத்தின் பாதுகாப்பு ஆணையைப் பெறலாம். இது ஊராருக்குத் தெரியாமல் மறைக்கவேண்டிய காரியமன்று. பழையனூர்ச் சபை இரவோடு இரவாகச் செய்ததுபோல, "கணவன் மனைவிக்குள் ஆயிரம் இருக்கும், போய் ஒன்றாக இருங்கள்" என்று சொல்லிக் கதவைச் சாத்துவது எந்தப் பெரியவருக்கும் அழகன்று. அழுபவர் யார், அஞ்சுபவர் யார் என்று இரு பக்கமும் பொறுமையாகக் கேட்டால், பல துன்பங்கள் விடிவதற்குள் தடுக்கப்படும்.

அடுத்தமுறை பனி இறங்கும் மாலையில் பிள்ளைகள் பேய்க்கதை கேட்டால், தாராளமாகச் சொல்லுங்கள். பயப்படுவதும் பிள்ளைகளுக்கு ஓர் இன்பம்தானே! ஆனால் நீலி இரத்தம் குடித்த இடத்திலிருந்து தொடங்காதீர்கள். ஒரு பெண் நம்பிக்கையோடு ஒருவன் மடியில் தலைவைத்து உறங்கினாளே, அந்த இடத்திலிருந்து தொடங்குங்கள். அழும் பெண்ணைப் பார்த்து, "நீலிக் கண்ணீர்" என்று சொல்ல நாக்கு எழும்போது, அந்தக் கள்ளிச் செடியையும் நினைத்துக்கொள்வோம்.